அடிக்கும் முன் கைக்கடிகாரத்தைக் கழற்றி வைத்தவர்

ஞாயிற்றுக்கிழமை மண்டபத்தில் நடந்த செயலமர்வில், கணவர் அடிக்கிறார் என்று சொன்ன ஒரு பெண்ணுக்குக் கிடைத்த பதிலைப் பற்றி எழுத வேண்டாம் என்று நான்கு நாட்களாக என்னை நானே அடக்கிக்கொண்டிருந்தேன். காணொளியை நீங்கள் எல்லோரும் பார்த்துவிட்டீர்கள். பலர் பகிர்ந்தும் இருக்கிறீர்கள். நேற்று இரவு என் நெருங்கிய தோழி ஒருத்தியே அதை எனக்கு அனுப்பி, "எவ்வளவு அருமையான விளக்கம், கேட்டுப் பார்" என்று எழுதியிருந்தாள். அதற்குப் பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை.

நானும் அந்தச் செயலமர்வில் இருந்தேன். கேள்வி கேட்ட பெண்ணுக்கு இரண்டு நாற்காலி தள்ளி. காணொளியில் அவருடைய முதுகு மட்டும்தான் தெரிகிறது. நான் கைகளைப் பார்த்தேன். கேள்வியைக் கொப்பித் தாளில் எழுதி நாலாக மடித்து வைத்திருந்தார். எழுந்தபோது அதைப் பிரிக்கவே இல்லை. "கோபம் வந்தால் கை நீட்டிவிடுகிறார், நான் என்ன செய்வது?" என்று மட்டும் கேட்டார். செயலமர்வை நடத்திய வளவாளர் சிரித்த முகத்தோடு திரையில் மூளைப் படத்தைப் போட்டார். அடியில் பச்சை நிறத்தில் ஊர்வனவற்றின் மூளை, நடுவில் பாலூட்டியின் மூளை, மேலே மனித மூளை. "அந்த நேரத்தில் அடிப்பது உங்கள் கணவர் இல்லை அம்மா, அவருக்குள் இருக்கும் ஆதிமனிதன். நம் எல்லோருக்குள்ளும் ஒரு காட்டு வேடன் ஒளிந்திருக்கிறான். அவன் விழித்துக்கொண்டால் நீங்கள் சற்று விலகி நில்லுங்கள்" என்றார். மண்டபம் கைதட்டியது. அந்தப் பெண் உட்கார்ந்தார். நாலாக இருந்த தாளை எட்டாக மடித்தார்.

ஆதிமனிதன் யாரையும் அடிக்கவில்லை. அடித்தவர் அந்தப் பெண்ணின் கணவர். அவருக்கு ஒரு பெயர் இருக்கிறது, அடையாள அட்டை இருக்கிறது.

காணொளியின் கீழ் இதை எழுதினேன். "அறிவியலை எதிர்க்காதீர்கள்", "நீங்கள் மூளை நிபுணரா?" என்று பதில்கள் வந்தன. நான் நிபுணர் இல்லை. ஆனால் வாசிக்கத் தெரியும். அந்தப் படம் இன்றைய அறிவியல் அல்ல. போல் மக்லீன் என்ற அமெரிக்க மூளை ஆய்வாளர் 1960களில் வளர்த்தெடுத்த கருத்து அது. 1977இல் கார்ல் சேகன் எழுதிய ஒரு நூல் அதை உலகமெங்கும் கொண்டுசேர்த்தது. மூளையின் பரிணாமத்தை ஆராய்கிறவர்கள் அதைக் கைவிட்டு நெடுங்காலமாகிவிட்டது. பழைய வீட்டின் மேல் மாடி கட்டுவதுபோல மூளை வளரவில்லை. பல்லியின் வம்சமும் நம்முடைய வம்சமும் பிரிந்து 30 கோடி ஆண்டுகளுக்கு மேலாகின்றன. அதன் பிறகு பல்லியின் மூளையும் தன் வழியில் மாறியது, நம்முடையதும் அடி முதல் நுனி வரை மாறியது. நமக்கு மட்டுமே உரியது என்று நாம் பெருமைப்படும் மேல் மூளை வளர்ந்துவந்த மூலப் பகுதி பல்லிக்கும் உண்டு. 2020இல் மூன்று ஆய்வாளர்கள் இதைப் பற்றி எழுதிய கட்டுரைக்கு வைத்த தலைப்பே 'உங்கள் மூளை, உள்ளே ஒரு குட்டி ஊர்வன இருக்கும் வெங்காயம் அல்ல' என்பதுதான். நூற்றுக்கணக்கானவர்கள் முன் மேடை ஏறுகிறவருக்கு அதைத் தேடிப் படிக்க அரை மணி நேரம் கிடைத்திருக்காதா?

சரி, படத்தை விடுங்கள். என் சித்தியைப் பற்றிச் சொல்கிறேன். அவரிடம் அனுமதி கேட்டுத்தான் எழுதுகிறேன்.

எனக்குப் பத்து வயது இருக்கும்போது பாடசாலை விடுமுறைக்குச் சித்தி வீட்டுக்குப் போவேன். சித்தப்பா அரசாங்க உத்தியோகத்தர், ஊரில் மரியாதையான மனிதர். அவருக்குக் கோபம் வந்தால் என்ன நடக்கும் என்று எனக்கு மனப்பாடம். முதலில் பக்கத்து வளவைப் பார்த்த ஜன்னலைச் சாத்துவார். பிறகு வானொலியின் சத்தத்தைக் கூட்டுவார். பிறகு இடக்கையில் இருந்த கைக்கடிகாரத்தைக் கழற்றி, தோல் வார் மடங்காமல் மேசை விரிப்பின் மேல் நீட்டி வைப்பார். அதன் பிறகுதான் குசினிக்குள் போவார். நான் அந்தக் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருப்பேன். முடிந்ததும் வந்து அதைக் கட்டிக்கொண்டு, வானொலியைக் குறைப்பார்.

கடிகாரக் கண்ணாடி உடைந்துவிடக் கூடாது என்ற கவலை எந்த ஊர்வனவற்றுக்கு இருந்தது? அயலவர் காதில் விழக் கூடாது என்று எந்த ஆதிமனிதன் ஜன்னலைச் சாத்தினான்? அவர் நிதானமாக இருந்தார். முழு நினைவோடு, முழு யோசனையோடு இருந்தார்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அடிக்கும்போது அவர் சித்தியைப் பார்த்துச் சொன்ன சொல் "வேடத்தி". "காட்டுச் சனத்துக்கு நாகரிகம் வருமா?" என்பார். என் அம்மம்மா வெருகல் பக்கத்தவர். திருகோணமலை மாவட்டத்தின் மூதூர், ஈச்சிலம்பற்று, வெருகல் பகுதிகளில் தமிழ் பேசி, மீன் பிடித்து, சேனைப் பயிர் செய்து வாழும் கரையோர வேடர் என்ற பழங்குடி வழி வந்தவர். அடித்தவர் நாகரிகமானவர், அடிபட்டவர் காட்டுச் சனம். ஞாயிற்றுக்கிழமை அந்த மேடையில் இருந்து "காட்டு வேடன்" என்ற சொல் வந்தபோது நான் மறுபடியும் பத்து வயதுப் பிள்ளையாக அந்த மேசைக்கு முன்னால் நின்றேன்.

"அது வெறும் உவமை, ஏன் பெரிதாக்குகிறீர்கள்?" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். உங்கள் அம்மம்மாவை யாரும் உவமையாக்கவில்லை, ஐயா. எங்களை ஆக்கினார்கள். 1876இல் இத்தாலியில் லொம்புரோசோ என்ற மருத்துவர், குற்றவாளி என்பவன் ஆதிமனிதனாகத் திரும்பிப் பிறந்தவன் என்று எழுதினார்; மண்டையோட்டையும் தாடையையும் அளந்து ஆளைக் கண்டுபிடிக்கலாம் என்றார். அந்தக் கருத்து இன்று தூக்கி எறியப்பட்டுவிட்டது. அதே காலத்தில், 1880களில், சுவிட்சர்லாந்தில் இருந்து சரசின் குடும்பத்தைச் சேர்ந்த இரண்டு ஆய்வாளர்கள் இலங்கைக்கு வந்தார்கள். மனிதனின் ஆதி வடிவத்தைத் தேடி வேடர்களின் உடல்களை அளந்தார்கள். மண்டையோடுகளையும் எலும்புகளையும் பாசல் நகருக்குக் கொண்டுபோனார்கள். யாரோ ஒருவரின் அம்மம்மா அங்கே பெட்டிக்குள் வைக்கப்பட்டார். 'ஆதி' என்ற சொல்லை நீங்கள் மூளையின் அடித்தட்டில் ஒட்டும்போது, அது எங்கிருந்து எடுத்து ஒட்டப்பட்டது என்று எங்களுக்குத் தெரியும்.

வள்ளி யாருடைய பெண்? வெருகல் முருகனிடம் காவடி எடுத்துப் போகிறீர்களே, அவன் யாரைத் தேடிக் காட்டுக்குப் போனான்? தன் கண்ணைப் பிடுங்கிச் சிவனுக்கு அப்பிய கண்ணப்பர் யார்? அந்த வேடரைக் கோவிலில் கும்பிட்டுவிட்டு, மண்டபத்துக்கு வந்ததும் பெண்ணை அடிக்கும் கையை வேடனுடைய கை என்கிறீர்கள்.

"அப்படியானால் மனிதனுக்கு இயல்பூக்கமே இல்லையா?" என்று கேட்பவர்களுக்கு: இருக்கிறது. பிறந்த பிள்ளை பால் குடிக்க யாரும் கற்றுக்கொடுப்பதில்லை. பயந்தால் மயிர்க்கூச்செறிகிறது, நெஞ்சு அடித்துக்கொள்கிறது. போராடு அல்லது ஓடு என்று உடல் தயாராவதை வோல்ட்டர் கெனன் 1915இலேயே விளக்கினார். இதையெல்லாம் நான் மறுக்கவில்லை. கோபம் வரும், எனக்கும் வருகிறது, இப்போதும் வந்திருக்கிறது. வந்த கோபம் யார் மேல் இறங்குகிறது, எந்த அறையில் இறங்குகிறது, எந்த ஜன்னலைச் சாத்திய பிறகு இறங்குகிறது என்பது இயல்பூக்கம் அல்ல. அதை மனிதன் தெரிந்துதான் செய்கிறான். மேலதிகாரி திட்டிய அன்று சித்தப்பா அலுவலகத்தில் தலை குனிந்துதான் நின்றார்.

இன்னொரு கேள்வி எனக்கு உண்மையாகவே கடினமானது. உள்ளூர் நண்பர் ஒருவர் கேட்டார்: "போர்க் காலத்தில் நாம் இந்த ஊரில் பார்த்ததை எல்லாம் பார்த்த பிறகுமா மனிதனுக்குள் மிருகம் இல்லை என்கிறாய்?" நான் அதற்கு இரண்டு நாள் யோசித்தேன். 1986இல் ஸ்பெயினின் செவில் நகரில் பல நாட்டு அறிவியலாளர்கள் கூடி, போர் மனிதனின் இயல்பூக்கத்தால் வருகிறது என்பது அறிவியல்படி தவறு என்று அறிக்கை எழுதினார்கள். 1989இல் யுனெஸ்கோ அதை ஏற்றுக்கொண்டது. அது எனக்கு ஓரளவு ஆறுதல்தான். ஆனால் என் பதில் வேறு. நாம் பார்த்தவற்றுக்குத் திட்டம் இருந்தது, பெயர்ப்பட்டியல் இருந்தது, கட்டளை இருந்தது. காட்டில் எந்த விலங்கும் பட்டியல் எழுதுவதில்லை. மிருகம் என்ற சொல்லுக்கு மான் என்றும் ஒரு பொருள். மிருகசீரிடம் என்ற நட்சத்திரப் பெயரில் அது இன்னும் இருக்கிறது. திருகோணமலையில் கோணேசர் கோவிலுக்குப் போகும் வழியில், கோட்டைக்குள் நிற்கும் புள்ளிமான்களைப் பார்த்துவிட்டு யாராவது 'மிருகத்தனம்' என்று சொல்லட்டும்.

இயல்பூக்கம் எது என்று நான் நேரில் பார்த்தது ஒரு நாள்தான். 2004 டிசம்பர் 26, சுனாமி வந்த நாள், போயா எனப்படும் பௌர்ணமி விடுமுறை. கடல் வந்தபோது யோசிக்க யாருக்கும் நேரம் இருக்கவில்லை. மேல் மூளையைக் கேட்டு யாரும் ஓடவில்லை. அந்த நேரத்தில் முன்பின் தெரியாத ஒரு லொறிக்காரர் நிறுத்தி, என் அம்மாவைத் தூக்கி ஏற்றினார். அவர் பேசியது சிங்களம், அம்மா அழுதது தமிழில். மேட்டு நிலத்தில் இறக்கிவிட்டு மறுபடியும் கடற்கரைப் பக்கமே லொறியைத் திருப்பினார். உள்ளே ஒளிந்திருந்தது வெளியே வந்தது என்று சொல்ல வேண்டுமென்றால் அதைச் சொல்லுங்கள்.

வளவாளர் நல்லெண்ணத்தில் சொன்னார் என்பவர்களோடு எனக்குப் பேச்சு இல்லை. நல்லெண்ணம் இருந்தால் 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்கக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தைப் பற்றி ஒரு வாக்கியம் சொல்லியிருப்பார். நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கேட்கலாம் என்று சொல்லியிருப்பார். 1938 என்ற மகளிர் உதவி இலக்கத்தைத் திரையில் போட்டிருப்பார். பச்சை நிற மூளைக்கு இருந்த இடம் அந்த நான்கு இலக்கங்களுக்கு இருக்கவில்லை. விலகி நிற்கச் சொன்னார். இரண்டு அறை வீட்டில் அந்தப் பெண் எங்கே விலகி நிற்பார்?

என் சித்தி பதினான்கு வருடங்கள் விலகி நின்று பார்த்தவர். பிறகு ஒரு நாள் காலையில் இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு அம்மம்மா வீட்டுக்குப் பஸ் ஏறினார். இப்போது மட்டிக்களியில் இருக்கிறார், தையல் வேலை செய்கிறார். காணொளியை நேற்று அவருக்குக் காட்டினேன். முழுவதும் பார்த்தார். வளவாளரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. "அந்தப் பிள்ளை தாளில் என்ன எழுதி வைத்திருந்தது என்று கேட்டாயா?" என்றார்.

நான் கேட்கவில்லை. கைதட்டல் முடிந்து எல்லோரும் தேநீருக்குப் போனபோது அவர் போய்விட்டார். சகோதரி, இதை நீங்களோ உங்களைத் தெரிந்தவர்களோ வாசித்தால் எனக்குத் தனிச் செய்தி அனுப்புங்கள். சித்தி உங்களோடு பேச ஆசைப்படுகிறார். அந்தத் தாளையும் கொண்டு வாருங்கள்.