ஈம் கிராமம் மொத்தமாக அழிந்துபோனதா?

"1665ல் பிளேக் வந்ததும் இங்கிலாந்தின் ஈம் கிராமத்து மக்கள் ஊரைப் பூட்டிக்கொண்டார்கள், ஒருவர்கூட மிஞ்சவில்லை, இன்று அது பேய் ஊர்" என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. பாதி உண்மை, பாதி கப்சா.

டார்பிஷயர் மலைப்பகுதியில் இருக்கும் ஈமுக்கு லண்டனிலிருந்து தையற்காரர் வீட்டுக்கு வந்த துணியோடு நோய் வந்ததாகச் சொல்வார்கள். ஆனால் ஊர் தன்னைப் பூட்டிக்கொண்டது 1666 ஜூனில்தான். பாதிரியார் வில்லியம் மாம்பெசனும், அவருக்கு முன்பு அங்கே பாதிரியாராக இருந்த தாமஸ் ஸ்டான்லியும் சேர்ந்து மக்களைச் சம்மதிக்க வைத்தார்கள். அதற்குள் வசதியான சிலர் கிளம்பிவிட்டார்கள்; மாம்பெசனே தன் பிள்ளைகளை வெளியூருக்கு அனுப்பியிருந்தார். இதெல்லாம் ஃபார்வர்டில் வராது!

ஈம் மக்கள் எல்லைக்கல்லில் குடைந்த குழிகளில், காசு வழியாக நோய் பரவாமலிருக்க வினிகர் ஊற்றி, அதில் காசு போடுவார்கள். பக்கத்து ஊர்க்காரர்கள் சாமான்களை வைத்துவிட்டு அந்தக் காசை எடுத்துக்கொள்வார்கள். அந்தக் கல் இன்றும் இருக்கிறது.

இறந்தவர்கள் சுமார் 260 பேர். எலிசபெத் ஹான்காக் எட்டே நாளில் கணவரையும் ஆறு பிள்ளைகளையும் தன் கையால் புதைத்தார். ஆனால் அவர் பிழைத்தார். மனைவியைப் பறிகொடுத்த மாம்பெசனும் பிழைத்தார்; இன்னும் பலரும் பிழைத்தார்கள். பேய் ஊரும் இல்லை: அங்கே இன்றும் மக்கள் வாழ்கிறார்கள், ஆகஸ்ட் கடைசி ஞாயிறன்று நினைவு வழிபாடும் நடத்துகிறார்கள்.