கன்னியாவில் குளித்தால் ஓசிடி போகாது

“கன்னியா வெந்நீர்க் கிணறு ஏழிலும் ஏழு நாள் குளித்தால் கை கழுவுற வியாதி போயிடும், குளிசை போட்டால் அதுக்கே அடிமையாகிடுவினம்” என்று ஒரு குரல் பதிவு திருகோணமலை வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிறது. இரண்டும் பிழை.

என் தங்கச்சிக்குக் கடுமையான ஓசிடி, அதாவது எண்ணச் சுழற்சி நோய். காலையில் கிணற்றடிக்குப் போனால் வெயில் ஏறும்வரை வரமாட்டாள். விரலிடுக்கு வெடித்து, சவர்க்காரம் பட்டால் எரியும். எரிய எரியக் கழுவுவாள். கை சுத்தம் என்று அவளுக்கே தெரியும். தெரிந்தும் மனம் விடாது. கன்னியாவுக்கும் கூட்டிப்போனோம். ஆறாவது கிணற்றுத் தண்ணீர் முதுகில் சரியாகப் படவில்லை என்று திரும்ப முதலாவதிலிருந்து தொடங்கினாள். கழுவலோடு இன்னொரு சடங்கையும் நாங்களே சேர்த்துவிட்டோம்.

சரி, குளிசை? இதற்குக் கொடுக்கும் ஃபுளுவொக்செடின் போன்றவை போதை தருபவை அல்ல. பலன் தெரிய 8 முதல் 12 கிழமை ஆகலாம். திடீரென நிறுத்தினால் தலைச்சுற்று, பதற்றம் வரலாம். அது அடிமைத்தனம் இல்லை. வைத்தியர் சொற்படி மெல்ல மெல்லக் குறைக்க வேண்டும்.

அதோடு ஒரு பயிற்சியும் உண்டு. கதவுப்பிடியைத் தொட்டுவிட்டு, கழுவாமல், பதற்றத்தோடு இருந்து பழகுவது. சிகிச்சையாளர் துணையோடு, சின்னதிலிருந்து படிப்படியாக. பைப்பைப் பூட்டி வைப்பது இதில் சேராது. “சுத்தமாத்தான் இருக்கு பிள்ளை” என்று அம்மா சொல்வதுகூடக் கொஞ்ச நேர ஆறுதல்தான். அப்புறம் இன்னும் கேட்பாள்.

தேசிய மனநல உதவி இலக்கம் 1926.