கடைசி ஏழு டாலரும் மதுரையில் ஒரு அடுப்பும்

போன வாரம் ராமேஸ்வரம் தீவில், தங்கச்சிமடத்தில் ஒரு கல்யாணப் பந்தி. பக்கத்து வரிசையில் சண்டை. ஒரு நடிகரின் பிறந்தநாளுக்கு அவருடைய ரசிகர் மன்றத்துத் தம்பிகள் குழந்தைகள் வார்டில் பாலும் பிரெட்டும் கொடுத்துப் படம் போட்டிருந்தார்கள். "சினிமாக்காரன் தருமம் எல்லாம் போட்டோவுக்குத்தான்டா" என்று ஒரு பெரியவர் எடுத்துவிட, தம்பிகளுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. என்னையும் நியாயம் கேட்டார்கள். பேச ஆரம்பித்தால் பிரியாணி ஆறிவிடும். பொதுவாகத் தலையை ஆட்டிவிட்டு எழுந்து வந்துவிட்டேன். அங்கே சொல்லாததை இங்கே எழுதுகிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

டேனி தாமஸ் என்று ஒரு அமெரிக்க நகைச்சுவை நடிகர். அப்பா அம்மா லெபனானிலிருந்து போய்க் குடியேறியவர்கள். அவருக்கு வீட்டில் வைத்த பெயரில் முசியாத், யாகூப், கைரூஸ் எல்லாம் வரும். கீழக்கரைத் தெருவில் நின்று கூப்பிட்டால் இரண்டு பேராவது திரும்பிப் பார்ப்பார்கள். 1937ல் டெட்ராய்ட் நகரத்தில் கிளப் கிளப்பாக ஜோக் சொல்லிப் பிழைத்துக்கொண்டிருந்தார். மனைவிக்குப் பிரசவ நேரம். ஆஸ்பத்திரிக்குக் கட்டக் காசில்லை. கோவிலுக்குப் போனவர் கையில் இருந்த கடைசி ஏழு டாலரையும் காணிக்கைப் பெட்டியில் போட்டுவிட்டார். மறுநாளே அதைப்போலப் பத்து மடங்கு சம்பளத்துக்கு ஒரு வேலை வந்தது என்று அந்தக் குடும்பத்தில் சொல்வார்கள். அப்போது பிறந்த பிள்ளை மார்லோ தாமஸ். பின்னாளில் அவரும் பெரிய நடிகை.

அப்புறம் டேனி, புனித யூதா ததேயுவிடம் ஒரு பொருத்தனை வைத்தார். கைவிடப்பட்ட காரியங்களுக்கு அவர்தான் பாதுகாவலர். எங்கள் வீட்டுச் சுவரிலும் அவர் படம் தொங்குகிறது. எனக்கு ஒரு வழி காட்டு, உனக்கு ஒரு கோவில் கட்டுகிறேன். இவ்வளவுதான் வேண்டுதல்.

நேர்த்திக்கடன் என்றால் என்ன என்று நம் கரையில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. சந்தியாகப்பர் கோவில் தேருக்கு நேர்ந்துகொள்வோம், கச்சத்தீவு அந்தோணியாருக்கு நேர்ந்துகொள்வோம், மதம் பார்க்காமல் ஏர்வாடி தர்காவுக்கும் நேர்ந்துகொள்வோம். படகு திரும்பி வந்தால் மெழுகுதிரி, பிள்ளை பிழைத்தால் மொட்டை. டேனியும் புனிதருக்கு ஒரு சிலை செய்து வைத்துவிட்டுக் கடன் தீர்ந்தது என்று போயிருக்கலாம். அவர் 1962 பிப்ரவரி 4ஆம் தேதி மெம்பிஸ் நகரத்தில் குழந்தைகளுக்கு ஒரு ஆஸ்பத்திரி திறந்தார். பெயர் செயின்ட் ஜூட், யூதா ததேயுவை ஆங்கிலத்தில் அப்படித்தான் சொல்வார்கள். கோவில் என்று வேண்டிக்கொண்டவர் ஆஸ்பத்திரியாகக் கட்டிக் கொடுத்தார்.

கறுப்பினப் பிள்ளைகளையும் வெள்ளையினப் பிள்ளைகளையும் ஒரே வார்டில் படுக்கவைக்க அமெரிக்கத் தெற்கில் பலரும் துணியாத காலம் அது. அங்கே எல்லாப் பிள்ளைக்கும் ஒரே வாசல். கட்டடத்துக்கு வரைபடம் போட்டுக்கொடுத்தவர் பால் வில்லியம்ஸ் என்ற கறுப்பினக் கட்டடக் கலைஞர். கூலி வாங்கவில்லை. அந்த ஆஸ்பத்திரியே சொல்லும் கணக்கு ஒன்று இருக்கிறது: திறந்த காலத்தில் குழந்தைகளுக்கு அதிகம் வரும் அந்த ரத்தப் புற்றுநோயில் நூறு பேரில் நாலு பேர் பிழைத்தார்கள், இன்றைக்கு அங்கே நூற்றுக்குத் தொண்ணூற்று நாலு. முழுக்க மருந்தும் ஆராய்ச்சியும் செய்த வேலை இது, நடிகர் செய்ததல்ல. நடிகர் செய்தது வேறு. அங்கே சேரும் பிள்ளையின் குடும்பத்துக்குச் சிகிச்சை, பயணம், தங்குமிடம், சாப்பாடு என்று எதற்கும் பில் போவதில்லை.

சிகிச்சைக்குப் பில் இல்லை என்பது எனக்கு ஆச்சரியமில்லை. நம் அரசு ஆஸ்பத்திரியிலும் இல்லை, காப்பீட்டு அட்டையும் இருக்கிறது. அந்த மீதி மூன்றைப் படித்தபோதுதான் போனைக் கீழே வைத்துவிட்டேன்.

என் அக்கா மகள். பெயர் வேண்டாம், இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். 2022 ஆகஸ்டில் ஆறு வயது. காய்ச்சல் விடவே இல்லை, காலெல்லாம் நீலநீலமாகப் புள்ளி. ராமநாதபுரத்தில் ரத்தம் எடுத்துப் பார்த்த டாக்டர் எங்கள் முகத்தைப் பார்க்காமல் "இன்னைக்கே மதுரைக்குக் கிளம்பிருங்க" என்றார். அப்போதே வயிறு கலங்கிவிட்டது. மதுரையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரி. அதே ரத்தப் புற்றுநோய். டாக்டர்கள் தங்கமானவர்கள், அதைச் சொல்லாமல் விடக்கூடாது. "இது சரியாகிற வியாதிதான், ஆனா ரெண்டரை வருஷம் விடாம வரணும்" என்றார்கள். முதல் பாதியை அக்கா பிடித்துக்கொண்டாள். இரண்டாம் பாதியைக் கேட்டு மச்சான் உட்கார்ந்துவிட்டார்.

மச்சான் ராமேஸ்வரத்தில் விசைப்படகில் பங்குக்குப் போகிறவர். திங்கள், புதன், சனி. கடலுக்குப் போனால்தான் பங்கு. ஊசி போடும் தேதிக்குத் திங்கள் புதன் தெரியுமா? வாரத்தில் இரண்டு நடை விட்டால் அந்த வாரம் வீட்டில் அடுப்பு எரியாது. அதற்குமேல் இலங்கை நேவி பிடித்துப்போய்விட்டால் என்ன செய்வது என்ற பயம் வேறு. ஏப்ரல் 15லிருந்து 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தை ஊரே திட்டும். எங்கள் வீட்டில் அந்த 61 நாள்தான் ஒரு அப்பா மகள் பக்கத்தில் முழுசாக உட்கார்ந்திருந்த நாட்கள். வருமானமும் கிடையாது என்பது தனிக் கதை.

பயணத்தைச் சொல்கிறேன். ராமேஸ்வரத்திலிருந்து மதுரை சுமார் 170 கிலோமீட்டர். பாசஞ்சர் ரயிலில் டிக்கெட் மலிவு, பிள்ளையைப் படுக்கவைத்துக் கூட்டிப்போகலாம். நாங்கள் பழகி வரும்போதே, 2022 டிசம்பரில், பழைய பாம்பன் ரயில் பாலத்தை மூடிவிட்டார்கள். புதுப்பாலம் திறந்தது 2025 ஏப்ரலில். அவளுடைய சிகிச்சை கிட்டத்தட்ட முழுவதும் அந்த இடைவெளிக்குள்தான். தீவிலிருந்து பஸ் பிடித்து மண்டபம் போய், அங்கே ரயில் கிடைத்தால் ரயில், இல்லையென்றால் மதுரை வரைக்கும் பஸ். மருந்து ஏறிய பிறகு பிள்ளைக்கு ரத்த அணுக்கள் குறைந்திருக்கும், கூட்டத்தில் கூட்டிப்போகாதே என்பார்கள். திருவிழா நேரத்தில் ராமேஸ்வரம் பஸ்ஸில் ஏறியவர்களுக்குத் தெரியும், அங்கே கூட்டம் இல்லாத இடம் டிரைவர் மடி மட்டும்தான்.

தங்குவது? வார்டுக்குள் ஒரு ஆள்தான். மற்றவர் வராந்தாவில் பாய். மூன்று நாள் இடைவெளியில் அடுத்த ஊசி என்றால் ஊருக்குப் போய்த் திரும்பவும் முடியாது, வார்டிலும் இருக்க முடியாது. லாட்ஜில் போட நாங்கள் படகு முதலாளியா?

எனக்கு மறக்காமல் நிற்பது சாப்பாடுதான். "வெளிச் சாப்பாடு வேண்டாம்மா, வீட்டில் சமைத்துச் சூடாகக் கொடுங்க" என்றார் நர்ஸ். சொன்னது சரியான யோசனை, ஏனென்றால் கிருமி பட்டால் பிள்ளை தாங்காது. "சரிங்க சிஸ்டர்" என்றாள் அக்கா. வெளியே வந்து கூடையைக் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். "எந்த வீட்டுல தம்பி?"

அன்றைக்கு ஆஸ்பத்திரி வாசலில் இருந்த ஒரு ஆட்டோக்காரர், யாரோ எவரோ, தன் வீட்டுக்குக் கூட்டிப்போனார். அவர் மனைவி அடுப்பை விட்டுக்கொடுத்தார். ஒரு பர்னர் ஸ்டவ். அக்கா அதில் கஞ்சி வைத்து, ஊரிலிருந்து ஐஸ் பெட்டியில் கொண்டுபோயிருந்த இரண்டு துண்டு பாறை மீனைக் குழம்பு வைத்து, தூக்குச்சட்டியைத் துண்டில் சுற்றிக்கொண்டு ஓடினாள். ஒரு வாரமாக வாயைத் திறக்காத பிள்ளை அன்றைக்கு முள்ளைத் தானே எடுத்துச் சாப்பிட்டாள். கிளம்பும் நாளில் அந்தம்மா அந்த ஸ்டவ்வையே கொடுத்துவிட்டார். அதற்கப்புறம் ஒரு சின்ன ரூம் பிடித்தோம், நகையை வைத்து. எல்லாருக்கும் வைக்க நகை இருக்காதே.

அடுத்த கட்டிலில் ஒரு பையன், எங்கள் கரைப் பக்கம்தான். அவன் அம்மா கடல்பாசி எடுக்கப் போகிறவர். எட்டு மாதம் வந்தார்கள். காய்ச்சல் இல்லை, முடியும் முளைத்துவிட்டது, பிள்ளை ஓடி விளையாடுகிறான், பிறகென்ன என்று நிறுத்திவிட்டார்கள். மருந்தில்லாமல் நிறுத்தவில்லை. டாக்டர் இல்லாமல் நிறுத்தவில்லை. நாலு மணி நேர பஸ்ஸும் வராந்தாவும் அவர்களை நிறுத்தின. ரத்தப் புற்றுநோய் பாதியில் விட்டால் திரும்பி வரும். வந்தது. அதற்குமேல் எழுத எனக்கு வரவில்லை.

இதனால்தான் அந்தப் பெரியவருக்கும் தம்பிகளுக்கும் நான் ஒத்துப்போகவில்லை. நடிகர்கள் கொடுப்பதெல்லாம் போட்டோவுக்கு என்பது அநியாயம். ராகவா லாரன்ஸ் எத்தனையோ பிள்ளைகளின் இதய ஆபரேஷனுக்கு உதவியிருப்பது ஊரறிந்தது. தெலுங்கில் மகேஷ் பாபு, நடிகர் கிருஷ்ணாவின் மகன், ஆயிரத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளுக்கு இதயச் சிகிச்சை நடக்கக் காரணமாக இருந்திருக்கிறார். சிவகுமார் குடும்பம் படிப்புக்குச் செய்வதும் தெரியும். கலைக் குடும்பத்து ரத்தம் என்றால் நான் முதலில் நினைப்பது முத்துலட்சுமி ரெட்டியைத்தான். அவர் அம்மா இசையும் ஆட்டமும் வாழ்ந்த மரபிலிருந்து வந்தவர்; தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்த அந்த அக்கா ஓயாமல் அலைந்து 1954ல் அடையாறு புற்றுநோய் மருத்துவமனையைக் கொண்டுவந்தார். அந்த மன்றத்துத் தம்பிகளையும் கேலி பேச மாட்டேன். என் அக்கா மகளுக்கு ராத்திரி பதினொரு மணிக்குத் தட்டணு (பிளேட்லெட்) தேவைப்பட்டபோது மதுரையில் வந்து நின்றது ஒரு ரசிகர் மன்றப் பையன். யார் ரசிகன் என்று சொன்னால் கமெண்டில் சண்டை வரும்.

ஆனால் ஆபரேஷன் ஒரு நாள். இந்த வியாதி ரெண்டரை வருஷம். ஒரு பிறந்தநாளில் தொடங்கி அடுத்த பிறந்தநாளுக்குள் முடிகிற வேலையில்லை. டேனி தாமஸ் குடும்பத்தில் எனக்குப் பிடித்தது அந்த நீளம்தான். ஆஸ்பத்திரியின் 29ஆம் ஆண்டு விழாவைக் கொண்டாடிய இரண்டாம் நாள், 1991 பிப்ரவரி 6ல் டேனி இறந்துபோனார். அந்த வளாகத்திலேயே அடக்கம். அந்தப் பொறுப்பை மார்லோவும் தம்பி தங்கையும் எடுத்துக்கொண்டார்கள். மார்லோ 1966லேயே டிவி தொடரில் கதாநாயகி, நாடறிந்த முகம். அந்த முகத்தை வைத்துக்கொண்டு முப்பது வருஷத்துக்கு மேலாகக் கை நீட்டிக் கேட்டுக்கொண்டே இருக்கிறார். கடை கடையாக, விளம்பரம் விளம்பரமாக. 2014ல் ஒபாமா அவருக்கு நாட்டின் பெரிய விருதைக் கொடுத்தார். கொடுப்பவருக்குப் பேர் வரும். கேட்பவருக்கு முகச்சுளிப்புதான் வரும். நம்மூரில் வரி வசூலிக்கப் போன நாட்டாண்மையைக் கேளுங்கள், சொல்வார்.

இன்னொன்று. டேனி போய் நின்றது பணக்காரர்கள் வாசலில் மட்டும் இல்லை. 1957ல் தன்னைப்போல் லெபனானிலிருந்தும் சிரியாவிலிருந்தும் பிழைக்கப் போனவர்களைக் கூட்டினார். அவர்கள் சேர்த்த பணத்தில்தான் இந்த வண்டி ஓட ஆரம்பித்தது. பிழைக்கப் போன ஊருக்கு நாம் திருப்பிக் கொடுப்போம் என்பதுதான் அவர்களுடைய பேச்சு. இதைப் படித்ததும் எனக்கு வெளிநாட்டுக்குப் பிழைக்கப் போன நம் சபுராளிகள் ஞாபகம் வந்தார்கள். கீழக்கரையிலும் பெரியபட்டினத்திலும் தொண்டியிலும் வளைகுடா காசு கட்டாத பள்ளிக்கூடம் உண்டா, பள்ளிவாசல் உண்டா? நம் பட்டங்கட்டி, பரதவர், மரைக்காயர் எல்லாரும் கோவில் விழாவுக்குத் தலைக்கட்டு வரி கொடுப்பதில் குறை வைத்ததுண்டா? கொடுக்கிற கை நம்மிடம் இருக்கிறது.

ஆஸ்பத்திரி கட்டச் சொல்லவில்லை. ராமநாதபுரத்தில் மருத்துவக் கல்லூரி 2022ல் வந்துவிட்டது, அது வளரட்டும். நான் கேட்பது மதுரையில் ஆஸ்பத்திரிக்கு நடக்கிற தூரத்தில் நாலு சுத்தமான அறை, ஒவ்வொன்றுக்கும் ஒரு அடுப்பு, வாசலில் நல்ல தண்ணீர். நம் கரையிலிருந்து புற்றுநோய்ச் சிகிச்சைக்குப் போகும் பிள்ளையும் அம்மாவும் எத்தனை மாதமானாலும் காசில்லாமல் தங்கலாம். இது நடக்காத கனவில்லை. மும்பையில் 2006ல் ஒரு தம்பதி ஆரம்பித்து, அதே யூதா ததேயு பெயரில் சென்னை, வேலூர் வரை இப்படித் தங்குமிடங்கள் வந்துவிட்டன. அங்கே குடும்பத்துக்குக் குடும்பம் சமைத்துக்கொள்ள இடம் உண்டு.

அந்த நடிகரின் மன்றத்துத் தம்பிகள் இதைப் படித்தால் என்னிடம் பேசுங்கள். பால், பிரெட்டை நிறுத்தச் சொல்லவில்லை. அடுத்த பிறந்தநாளுக்கு ஒரு அறையின் ஒரு வருஷ வாடகை. போட்டோ தாராளமாக எடுத்துக்கொள்ளுங்கள், நானே எடுத்துத் தருகிறேன்.

நேற்று இதையெல்லாம் அக்காவிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். கருவாடு காயப்போட்டுக்கொண்டே கேட்டாள். பெரிதாக ஒன்றும் சொல்லவில்லை. "ரூம் கிடைச்சா சொல்லு தம்பி" என்றாள். "அந்த ஸ்டவ் பரண்லதான் கிடக்கு. பர்னரை மட்டும் மாத்தணும்."