அந்தப் படங்களை அவற்றின் வேகத்திலேயே ஓடவிடுங்கள்

ஆலைத் தொழிலாளர்களைக் காட்டும் பழைய மௌனப் படங்களை வேகமாக ஓட்டி, நையாண்டி இசையும் சேர்த்துக் காட்டிய ஞாயிற்றுக்கிழமைத் திரையிடலைப் பற்றி எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். பழைய படத்துக்குக் கொஞ்சம் கலகலப்புச் சேர்த்ததற்கு ஏன் இவ்வளவு கோபம் என்று ஏற்பாட்டாளர்கள் கேட்டிருப்பதைப் படித்த பிறகு பேசாமலிருக்க முடியவில்லை.

1904 ஏப்ரல், மே மாதங்களில் அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் பகுதியிலிருந்த வெஸ்டிங்ஹவுஸ் நிறுவன ஆலைகளில் ஒளிப்பதிவாளர் பில்லி பிட்சர் எடுத்த படங்கள் அவை. கூப்பர் ஹெவிட் பாதரச ஆவி விளக்குகளின் ஒளியில், மேலே ஓடும் கிரேனில் கேமராவை ஏற்றி, பட்டறையின் நீளத்தை அவர் பதிவு செய்தார். அக்கால மௌனப் படங்கள் பெரும்பாலும் நொடிக்கு 16 சட்டகங்களை (ஃபிரேம்களை) ஒட்டி ஓடியவை. பேசும் படங்களின் வேகமான 24-இல் ஓட்டினால் எல்லாமே ஒன்றரை மடங்கு வேகமாகிவிடும். வேகம் மாறினால் வேலையே மாறிவிடுகிறது. நீராவிச் சம்மட்டிக்கு அடியில் பழுக்கக் காய்ச்சிய இரும்பைத் திருப்பி வைப்பவர்களின் நிதானம்தான் அவர்களுடைய திறமை. அதைப் பறித்துவிட்டால் திரையில் மிஞ்சுவது பதற்றம் மட்டுமே.

என் அம்மா கோவையில் மோட்டார் வைண்டிங் பட்டறையில் காயில் சுற்றியவர். அவசரப்பட்டால் கம்பியின் எனாமல் உரியும், உரிந்தால் மோட்டார் எரியும் என்று சொல்லிச் சொல்லியே எங்களுக்கும் நிதானத்தைப் பழக்கினார். ஆர்மேச்சருக்கு, அதாவது மின் இயந்திரத்தின் காயில் பகுதிக்கு, கம்பி சுற்றும் பெண்களின் காட்சிக்குத்தான் அன்று அரங்கம் அதிகம் சிரித்தது. எனக்கு அது வலித்தது. சிரித்தவர்களை நான் குறை சொல்லவில்லை. அப்படிக் காட்டியவர்களைத்தான் சொல்கிறேன்.

இவை நிறுவனத்தின் விளம்பரப் படங்கள்தானே என்பீர்கள். உண்மைதான், செயின்ட் லூயிஸ் உலகக் கண்காட்சியில் பெருமைக்காகத் திரையிடப்பட்டவைதான். அதற்காக இயந்திரத்தின் முன் நிற்பவர்களைக் கேலிப்பொருளாக்கலாமா? மௌனப் படக் காலத்திலும் இசை இருந்ததே என்பவர்களுக்கு: நான் எதிர்ப்பது இசையை அன்று, உழைப்பை நையாண்டி செய்யும் இசையை.

1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் திரைப்படத்துக்குத் தனி இடம் இல்லை. அதனால் புகைப்படங்களாகக் காகிதச் சுருளில் அச்சிட்டுக் அமெரிக்க நாடாளுமன்றத்தின் நூலகமான காங்கிரஸ் நூலகத்தில் ஒப்படைத்தார்கள். நம் கைக்கு இவை வந்தது அந்தக் காகிதத்தால்தான். வேலை நேரச் சீட்டு வாங்க வரிசையாக வரும் பெண்களில் ஒருவருடைய பெயரும் படத்தில் இல்லை. அவர்கள் நடந்த நடையும் கை அசைந்த விதமும் மட்டுமே மிஞ்சியிருக்கின்றன. அதையும் விட்டுவைக்காமல் திருத்தியிருக்கிறீர்கள்.

அடுத்த மாதம் இதே படங்களை 16 சட்டக வேகத்தில் மறுபடியும் திரையிடுங்கள். ஒவ்வொரு காட்சியிலும் என்ன வேலை நடக்கிறது என்று விளக்க நான் வருகிறேன்.