ரோமன் ரோடு 2000 வருஷம் "அப்படியே" நிக்கல

மழை சீசன் வந்தா போதும், அந்த ஃபார்வர்டும் வந்துடும். ஒரு பக்கம் பெரிய பெரிய கல்லு பதிச்ச ரோமன் ரோடு, இன்னொரு பக்கம் நம்ம ஊர் குண்டும் குழியும். "அவங்க போட்டது 2000 வருஷமா அப்படியே இருக்கு, நம்மாளுங்க போட்டது ஒரு மழைக்கு தாங்கல"ன்னு கேப்ஷன். பாத்தா வயிறு எரியுது, எனக்கும்தான். ஆனா அதுல ரோம் பத்தி சொல்றது பெரும்பாலும் தப்பு, அந்த தப்பால நம்ம கோபமும் போக வேண்டிய இடத்துக்கு போகாம வீணாப் போகுது, அதனாலதான் இவ்ளோ நீளமா எழுதுறேன்.

முதல்ல அந்த கல்லு. போட்டோவுல இருக்கிறது அநேகமா ரோம் நகரத்துக்கு வெளிய இருக்கிற அப்பியன் சாலை, கி.மு. 312ல அப்பியஸ் கிளாடியஸ்ங்கிற ரோமன் அதிகாரி ஆரம்பிச்சது, முதல்ல ரோம்ல இருந்து கபுவா வரைக்கும். அந்த ரோட்டுக்கே ஆரம்பத்துல கல் கிடையாது, கிராவல்தான், கல்லு பதிக்கிறது கொஞ்சம் கொஞ்சமா அப்புறம் நடந்தது. பேரரசு முழுக்க பாத்தீங்கன்னா பெரும்பாலும் நகரத்துக்குள்ளயும் நகரத்தை ஒட்டியும்தான் கல் தளம், மத்த இடத்துல அதிகமா சரளையும் மண்ணும் போட்டு கெட்டிச்சது, சில இடத்துல அதுவும் இல்ல. எல்லா ரோமன் ரோட்டுலயும் நாலு அடுக்கு இருக்கும்னு ஒரு படம் சுத்துதே, அதுவும் தப்புதான். விட்ருவியஸ்ங்கிற ரோமன் கட்டடக் கலைஞர் எழுதினது கட்டடத்துக்குள்ள தரை போடுற முறை, அதை 1622ல பெர்ஜியேங்கிற பிரெஞ்சுக்காரர் ரோட்டுக்கு பொருத்திப் பாத்தார், அதுக்கப்புறம் பாடப்புத்தகம் வரைக்கும் அதே படம்தான். தோண்டிப் பாத்தா ஊருக்கு ஊரு வேற வேற மாதிரி இருக்கு, அந்தந்த இடத்துல என்ன கிடைச்சுதோ அதை வச்சு போட்டிருக்காங்க.

நம்ம மிளகு போன ரோட்டையே எடுத்துக்கங்க. கேரளக் கரையில இருந்த பழைய முசிறி துறைமுகத்துல கப்பல் ஏறின மிளகு எகிப்துல செங்கடல் கரையில பெரெனிகேங்கிற துறைமுகத்துல இறங்கும், அங்க ஒரு கோயில்ல இந்தியப் பெரிய ஜாடி ஒன்னுல ஏழரை கிலோ மிளகு அப்படியே கிடைச்சிருக்கு. அங்கிருந்து நைல் கரையில இருக்கிற கோப்டோஸ் வரைக்கும் ஒட்டகத்துல பாலைவனத்தைக் கடக்கணும், 257 ரோமன் மைல், ஏறக்குறைய 380 கிலோமீட்டர், வெயிலுக்குப் பயந்து பெரும்பாலும் ராத்திரிலதான் நடப்பாங்க, 12வது நாள் போய் சேரும்னு அந்தக் காலத்து ரோமன் எழுத்தாளர் பிளினி எழுதி வச்சிருக்கார். ரோம் கஜானாவுக்கு கொழுத்த வரி வந்த வழி இது. இதுல தளம் போட்ட கல்லே கிடையாது! கிடந்த கல்லை ஓரமா ஒதுக்கி வழி பண்ணாங்க, இடையிடையே கிணறு வெட்டி அதைச் சுத்தி கோட்டை கட்டி காவல் வச்சாங்க. அந்த பாலைவனத்துல ரோடுன்னா தண்ணியும் காவலும்தான், அதை அவங்க சரியா புரிஞ்சு செஞ்சிருக்காங்க, எனக்கு அந்த கல்லு போட்டோவை விட இதுதான் பிரமிப்பா இருக்கு.

ரயில் தண்டவாள அகலம் ரோமன் தேரோட அகலத்துல இருந்து வந்ததுன்னு இன்னொரு கதை, அதுக்கு ரெண்டு வரி போதும். 1435 மில்லிமீட்டர் கேஜ் வந்தது இங்கிலாந்து நிலக்கரிச் சுரங்கத்து வண்டிப் பாதையில இருந்து, ஆரம்பகால ரயில் பாதை போட்ட ஸ்டீபன்சன் அங்க வேலை பாத்தவர், தனக்குப் பழகின அளவையே எடுத்துக்கிட்டார்.

இப்ப முக்கியமான விஷயம், அந்த "அப்படியே இருக்கு". தெற்கு இத்தாலியில பெனவென்டோ ஊர் பக்கத்துல அதே அப்பியன் சாலையில ஒரு கல்வெட்டு இருக்கு, கி.பி. 123, பேரரசர் ஹாட்ரியன் காலம். என்ன சொல்லுதுன்னா, பதினஞ்சே முக்கால் மைல் ரோடு காலப்போக்குல அழிஞ்சே போச்சு, அதைத் திரும்பப் போட நிலம் வச்சிருந்தவங்க 5,69,100 செஸ்டர்ஸ் (ரோமன் காசு) கொடுத்தாங்க, பேரரசர் 11,47,000 போட்டு செஞ்சு முடிச்சார்னு. ரோடு வந்து சுமார் 400 வருஷத்துல "அழிஞ்சு போச்சு"ன்னு அவங்களே கல்லுல வெட்டி வச்சிருக்காங்க, நாம 2000 வருஷம் அப்படியே இருக்குங்கிறோம்! கி.மு. 220ல போட்ட ஃபிளமினியன் சாலைங்கிற இன்னொரு ரோமன் ரோட்டை கி.மு. 27ல பேரரசர் அகஸ்டஸ் பழுது பாத்தார், கி.மு. 20ல ரோட்டுக்குன்னே பொறுப்பாளர்களைப் போட்டார். மைல்கல்லு பல இடத்துல எந்த பேரரசர் சீர் பண்ணாருன்னு பேரோட நிக்குது. அதாவது விடாம ரிப்பேர் பண்ணிக்கிட்டே இருந்தாங்க, ரிப்பேர் நின்ன இடத்துல ரோடும் போச்சு, கல்லைப் பேத்து ஜனங்க வீடு கட்டிக்கிட்டாங்க. இன்னைக்கு மிஞ்சி இருக்கிற நல்ல பகுதியும் சீரமைச்சுப் பாதுகாத்து வச்சிருக்கிறதுதான்.

பாரத்தையும் யோசிக்கணும். கடைசி காலத்து ரோமன் சட்டத்துல அரசாங்க மாட்டு வண்டிக்கு உச்சபட்ச சுமை 1500 ரோமன் பவுண்டு, அரை டன் கூட வராது. இன்னைக்கு நம்ம லாரியோட பின் அச்சு ஒன்னுக்கு மட்டும் 11.5 டன் வரைக்கும் அனுமதி. அச்சு பாரம் ரெண்டு மடங்கானா ரோட்டுக்கு ஆகுற சேதம் சுமார் 16 மடங்குன்னு ரோடு இன்ஜினியர்கள் கணக்கு வச்சிருக்காங்க. இதனால நம்ம ஊர்ல திருட்டு நடக்கலன்னு சொல்ல வரல, நடக்குது, கண்ணால பாக்குறோம். எங்க தெருவுல பழைய ரோட்டை சுரண்டாம அது மேலயே தார் போட்டுட்டுப் போயிட்டாங்க, இப்ப ரோடு வாசப்படிக்கு மேல, மழைத் தண்ணி நேரா வீட்டுக்குள்ள. ரோமன் ரோட்டுல காப்பியடிக்கணும்னா தண்ணி வடியுற முறையைத்தான் காப்பியடிக்கணும், அவங்க நல்லா போட்ட ரோடுன்னா நடுவுல மேடு, ரெண்டு பக்கமும் சரிவு, ஓரத்துல வாய்க்கா, தண்ணி நிக்கவே நிக்காது.

அதனால அந்த போட்டோவை ஷேர் பண்றதுக்குப் பதிலா ஒரு ஆர்டிஐ மனு போடுங்க. ரோடு போட்டது எந்த கான்ட்ராக்டர், செலவு எவ்வளவு, எத்தனை வருஷம் வரைக்கும் அவரே பழுது பாத்துக் கொடுக்கணும், இந்த மூணையும் எழுத்துல கேளுங்க. எங்க தெருவுக்கு நான் போட்டிருக்கேன், பதில் வந்ததும் இங்கயே போடுறேன்.