"ஆறியதும் துண்டு போடவும்" - அவ்வளவுதானா?

பாதாம் பிஸ்கோத்தி (ரெண்டு தடவை பேக் செய்யற இத்தாலிய பிஸ்கட்) செய்முறை எதை எடுத்தாலும் மாவு சலிக்கப் பத்து வரி, ஆரஞ்சுத் தோல் துருவ மூணு வரி. கடைசியில "ஆறியதும் துண்டு போட்டு மறுபடி பேக் செய்யவும்"னு ஒத்தை வரி. எவ்வளவு ஆறணும்? எந்தக் கத்தி? மூச்சு விட மாட்டாங்க. அடப் பாவிகளா, மொத்தமும் நொறுங்கிப் பாழாகிற இடமே அந்த ஒத்தை வரிதான்! பாதாம் விக்கிற விலையில தூளை அள்ளிப் பால்ல போட்டுக் குடிக்கவா?

உள்ளே நடக்கிறது இதுதான். முதல் சுற்று பேக் முடிஞ்சு வெளிய வர்ற, நீளமா உருட்டின மாவுக் கட்டையில மேல்தோல் காய்ஞ்சிருக்கும், நடுவுல ஈரமும் ஆவியும் இருக்கும், அதுக்குள்ள முழுப் பாதாம். சுடச்சுட வெட்டினா மாவு பிடிமானமில்லாம கத்தியோடயே இழுத்துக்கிட்டு வரும், பாதாம் பேத்துக்கிட்டு விழும். முழுசா ஆறவிட்டாலோ சர்க்கரை இறுகி, கத்தி பட்டதும் கண்ணாடி மாதிரி தெறிக்கும். அதனால வெளிய எடுத்து 10-லிருந்து 15 நிமிஷம் ஆறினதும் வெட்டணும். கட்டையைத் தொட்டா வெதுவெதுன்னு இருக்கணும், கை சுடக் கூடாது. நேரம் தவறிப் போச்சா? மேல்தோல்ல லேசாத் தண்ணி தெளிச்சு அஞ்சு நிமிஷம் விடுங்க, இளகிக் கொடுக்கும்.

கத்தி, பல் வச்ச பிரெட் கத்தி. மேல்தோலை மட்டும் அழுத்தாம ரம்பம் போல அறுக்கணும். பாதாம் தட்டுப்பட்டதும் அறுக்கிறதை நிறுத்திட்டு நேரா ஒரே அமுக்கு. அங்கேயும் முன்னும் பின்னும் இழுத்தா பாதாம் உருண்டு சுத்தியிருக்கிறதையும் உடைச்சிடும். சாய்வா, ஒன்றரை செ.மீ. கனம். அதைவிட மெலிசா வெட்ட ஆசைப்படாதீங்க.

அளவு: மைதா 250 கிராம், சர்க்கரை 160, தோலோட வறுக்காத முழுப் பாதாம் 150, பேக்கிங் பவுடர் அரை டீஸ்பூன், சிட்டிகை உப்பு, ஓடு நீக்கி எடை போட்ட முட்டை 100 கிராம். "2 முட்டை"ன்னு எழுதறவங்களைக் கேக்கறேன், எந்தக் கோழியோட முட்டை? சின்ன முட்டைன்னா மாவு சேராது, பெரிசுன்னா கட்டை டிரேயில தோசையாப் பரவிடும். பேக்கிங் பவுடர் கூடினாலும் அதே கதிதான், உள்ளே ஓட்டை விழுந்து வெட்டும்போது உதிரும். மாவு கையில ஒட்டத்தான் செய்யும். கையை நனைச்சுக்கிட்டு 5 செ.மீ. அகலத்துல ரெண்டு கட்டையா உருட்டுங்க, மைதாவை மேல மேல கொட்டாதீங்க. 180 டிகிரியில 20-25 நிமிஷம்.

அப்புறம் இந்த வெண்ணெய்! 100 கிராம் வெண்ணெயைப் போட்டுட்டு "அசல் பிராத்தோ முறை"ன்னு பேரு. இத்தாலியில டஸ்கனிப் பக்கம் இருக்கிற பிராத்தோ ஊருல அந்தோனியோ மத்தேயி 1858-ல ஆரம்பிச்ச கடையோட முறையில மாவு, சர்க்கரை, முட்டை, பாதாம், பைன் கொட்டைதான், வெண்ணெய் கிடையாது. வெண்ணெய் போட்டா வெட்ட சுலபமா வரும், ஒத்துக்கறேன். ஆனா கடிச்சா அந்த 'நறுக்' இருக்காது, வாயில கரையும். அதுக்குக் குக்கின்னே பேரு வச்சுக்கலாமே.

ரெண்டாவது சுற்றுக்கு "பொன்னிறமாகும் வரை"ன்னு எழுதறது இன்னொரு கொடுமை. அது நிறத்துக்கு இல்ல, ஈரத்தை ஓட்டறதுக்கு. 150 டிகிரி, பக்கத்துக்கு 8 நிமிஷம். நடுவுல அமுக்கினா லேசா மெத்துன்னு இருக்கும்போதே எடுத்துடணும், ஆற ஆறத்தான் இறுகும். ஓவனுக்குள்ளயே கல்லாகிற வரைக்கும் விட்டுட்டுப் பல்லு போச்சுன்னு அழுதா எப்படி? பிராத்தோவுல வின் சாந்தோங்கிற இனிப்பு ஒயின்ல முக்கித்தான் சாப்பிடறாங்க, நீங்க காபியில முக்குங்க. கம்பித் தட்டுல ஒரு மணி நேரமாவது விட்டு, முழுசா ஆறினதும் டப்பாவுல போடுங்க. கொஞ்சம் சூடு இருந்தாலும் மறுநாள் நமுத்துப் போயிருக்கும். இதையும் எழுத மாட்டாங்க.