எழுத்தாளர் விக்ரம் சேத் 2018க்கு அப்புறம்தான் பேசினாரா?
ஒரே பாலின உறவு குற்றம் இல்லன்னு 2018ல சுப்ரீம் கோர்ட் சொன்னதப் பத்தி மேல ஒருத்தர் "தீர்ப்பு வந்து சேஃப் ஆனப்புறம்தான் விக்ரம் சேத் வாயத் திறந்தாரு"ன்னு போட்டிருக்காரு, அது தப்புங்க. 2006லயே, அந்த உறவ குற்றமாக்கின 377வது சட்டப்பிரிவ தூக்கச் சொல்லி ஓப்பன் லெட்டர் கொண்டு வந்தவரே அவருதான். 2013 டிசம்பர்ல சுப்ரீம் கோர்ட் அந்தச் சட்டத்துக்கு மறுபடி உயிர் குடுத்தப்போ வந்த இந்தியா டுடே அட்டைய தேடிப் பாருங்க, ஷேவ் பண்ணாத மூஞ்சி, கையில சிலேட்டு, அதுல 'கிரிமினல் இல்ல'ன்னு இங்கிலீஷ்ல எழுதியிருக்கும், அன்னிக்கு சட்டப்படி ஆயுள் தண்டனை வரைக்கும் போகலாம், இதுல எங்கங்க சேஃப்? கவிதைய எடுத்தா இன்னும் பின்னாடி போகணும், ஆண் பெண் ரெண்டு பேரையும் பிடிக்கும்னு நக்கலா சொல்ற குட்டிக் கவிதை 'மேப்பிங்ஸ்' தொகுப்புலயே இருக்கு. அவங்கம்மா லீலா சேத், ஹைகோர்ட் சீஃப் ஜஸ்டிஸா இருந்தவங்க, அவங்களும் 2013 தீர்ப்ப எதிர்த்து எழுதினாங்க. அடிக்கடி பேசறவர் இல்லன்னு வேணா சொல்லுங்க, ஒத்துக்கறேன்.